குறுக்கே போகாதவன்

மார்கழி பாதியில் ஒரு நாள் செவலை மந்தையைவிட்டுப் பின்தங்கிவிட்டது. அது நிறைசினை. காமயகவுண்டன்பட்டிக்குக் கிழக்கே மலையடிவாரத்தில் தொழு போட்டிருந்த முத்துராஜாவின் மாடுகளில் அதுதான் எல்லாவற்றுக்கும் முன்னால் நடக்கிற பசு. அன்று காலையில் மாடுகளைத் திறந்துவிடும்போதே அவன் மனைவி அன்னத்தாய், இதை மட்டும் இன்றைக்குத் தொழுவிலேயே கட்டிப்போடலாம் என்று சொல்லிப் பார்த்தாள். மலைமாடு கட்டுக்கு நிற்காது, முட்டி மோதி வயிற்றில் இருக்கிறதைக் கெடுத்துக்கொள்ளும் என்று முத்துராஜா ஓட்டிக்கொண்டு போய்விட்டான்.

உச்சி சாய்கிற நேரத்துக்குச் செந்நாய்கள் அதை ஓடைக்கரையில் வளைத்தன. முதலில் சீழ்க்கைச் சத்தம் கேட்டது. புதருக்கு ஒன்றாக வெளியே வந்தன. செவலை கொம்பைத் தாழ்த்திச் சுற்றிச் சுற்றித் திரும்பியது. முன்னால் நின்ற நாய் கொம்புக்கு விளையாட்டுக் காட்ட, பின்னாலிருந்து இரண்டு பாய்ந்து தொடையைக் கவ்வின. ஒன்றைச் செவலை உதைத்துத் தள்ளியது. அது பாறையில் மோதி எழுந்து திரும்ப வந்தது. அடிவயிறு கிழிந்தபோது பசு நின்றுகொண்டுதான் இருந்தது. தன் குடல் தன் காலில் சிக்க, நாலு எட்டு நடந்தது. பிறகு முன்னங்கால் மடிந்து உட்கார்ந்தது. அது கத்திக்கொண்டிருக்கும்போதே நாய்கள் தின்னத் தொடங்கின. வயிற்றிலிருந்த கன்றை இழுத்து வெளியே போட்டு, அதையும் தின்றன.

ஓடைக்கு இந்தப் பக்கம், பாறை இடுக்கில் பச்சைத் துணி மறைப்புக்குள் உட்கார்ந்து இதையெல்லாம் படம் பிடித்துக்கொண்டிருந்தவன் வேல்பாண்டி. அன்னத்தாயின் தம்பி. செவலையின் இடக்காது நுனி கிழிந்திருக்கும். அதை வைத்து, நாய்கள் வளைக்கும்போதே அது அக்காளின் மாடு என்று அவனுக்குத் தெரிந்துவிட்டது. அவன் கேமராவை அசைக்காமல் கடைசிவரை எடுத்தான். நாய்கள் வயிறு தொங்கத் தொங்கப் போன பிறகுதான் மறைப்பிலிருந்து வெளியே வந்தான்.

அந்தச் செந்நாய்க் கூட்டத்தை அவன் மூன்று வருடமாகப் பின்தொடர்ந்துகொண்டிருந்தான். வனத்துறை அனுமதியோடு, வறுகடலையும் வாழைப்பழமும் கட்டிக்கொண்டு விடிவதற்கு முன்னால் ஏறிவிடுவான். கல்யாணத்துக்கு எடுத்த வீடியோக்களில்தான் தொழிலைக் கற்றான். பிறகு கல்யாண வேலையை விட்டுவிட்டு, காட்டுக்கே போய்விட்டான். மேகமலைச் சாம்பல் அணிலைப் பற்றி அவன் எடுத்த படம் வெளிநாட்டுத் தொலைக்காட்சியில் ஓடியது. ஆனால் அதைவிட, சின்னமனூரிலும் கூடலூரிலும் பள்ளிக்கூடச் சுவரில் வேட்டியைக் கட்டி அதே படத்தைப் போட்டுக்காட்டுவதுதான் அவனுக்குப் பிடிக்கும். படம் முடிந்ததும் பிள்ளைகளிடம் தன் தொழிலின் ஒரே சட்டத்தைச் சொல்லுவான்: காட்டில் நடக்கிறதுக்கு நாம் குறுக்கே போகக் கூடாது. தாய் தகப்பன் போன பிறகு அவனுக்கு அக்காள் வீடுதான் வீடு.

அன்று பொழுது சாயும்வரை முத்துராஜா செவலையைத் தேடினான். எலும்பும் குளம்பும்தான் கிடைத்தன. கொம்பை மட்டும் துண்டில் சுற்றி எடுத்து வந்து தொழுவில் வைத்துவிட்டுச் சோறு வேண்டாமென்று படுத்துக்கொண்டான். வேல்பாண்டி தான் பார்த்ததைச் சொல்லாமலே விட்டிருக்கலாம். யாருக்கும் தெரிந்திருக்காது. மறுநாள் முத்துராஜா மாடுகளை ஓட்டிப் போன பிறகு, அடுப்படியில் மொச்சை உரித்துக்கொண்டிருந்த அக்காளிடம் போய் உட்கார்ந்து சொன்னான்.

அவள் மொச்சையைத் தள்ளிவைத்துவிட்டு, காட்டு என்றாள். அவன் வேண்டாமென்றான். அவள் திரும்பவும் காட்டு என்றாள். மடிக்கணினியைத் திறந்து காட்டினான். பாதியில் நிறுத்தப் போனபோது அவன் கையைப் பிடித்துக்கொண்டு முழுவதையும் பார்த்தாள்.

"நீ எங்கன இருந்த?" என்று கேட்டாள்.

"ஓடைக்கு இங்கிட்டு. பாறைக்குள்ள."

"ஒரு சத்தம் போட்டிருந்தா அதுக ஓடியிருக்குமா?"

"ஓடியிருக்கும்க்கா."

"பெறகு ஏன்டா போடல?"

"அதுகளுக்கு அங்கன குட்டி கெடக்குக்கா. அது அதுக காடு. நாமதான் மாட்ட ஏத்துறோம். இன்னைக்கு நான் குறுக்க போனேன்னா, நான் எடுக்குற எதுவும் நெசமில்லன்னு ஆயிரும்."

"செவலை கத்துனது நெசந்தானடா," என்றாள் அன்னத்தாய். மொச்சையை இழுத்துவைத்து மீதியை உரித்தாள். மத்தியானம் அவனுக்குக் களியும் மொச்சைக் குழம்பும் எடுத்து வைத்தாள். பக்கத்தில் உட்காரவில்லை.

கணவனிடம் சொல்லாமல் இருக்க அவளால் முடியவில்லை. அன்று சாயங்காலம் மாடுகளை அடைத்துவிட்டு வந்த முத்துராஜாவுக்கு வாசலில் கால் கழுவத் தண்ணீர் ஊற்றும்போதே சொல்லிவிட்டாள். அவன் ஈரக்காலோடு உள்ளே போய், கையிலிருந்த மாட்டுக்கம்பால் வேல்பாண்டியின் முதுகில் ஓங்கி அடித்தான். இரண்டாவது அடிக்குக் கம்பு முறிந்தது. வேல்பாண்டி சுவரோடு சாய்ந்து நின்றான். தடுக்கவில்லை. மூன்றாவதாக ஒரு மிதி. அவன் கீழே விழுந்ததும் முத்துராஜா குனிந்து கேட்டான்.

"அது ஒன்னயப் பாத்து ஒரு வார்த்த கேட்டிருக்கும்ல மாப்ள. கேக்கலையா ஒனக்கு?"

பிறகு முத்துராஜாவே அவனைத் தூக்கி உட்காரவைத்தான். அன்னத்தாய் வேப்பெண்ணெய் காய்ச்சி முதுகில் தடவினாள். வீட்டில் எல்லாரும் அவரவர் வேலையைச் செய்தார்கள்.

தை பிறந்தது. மேற்கே கேரளா பக்கமிருந்து பனி இறங்கி, திராட்சைப் பந்தல்கள்மேல் வெயில் ஏறுகிறவரை கலையாமல் கிடந்தது. பந்தலுக்கு மருந்தடிக்கிற விசைத்தெளிப்பான் சத்தம் பள்ளத்தாக்கு முழுக்கக் கேட்கும். செந்நாய்கள் திரும்பவும் வந்தன. இந்தத் தடவை ஒரு காளைக்கன்று. முத்துராஜா சத்தம் கேட்டு ஓடிப் போய் நாய்களை விரட்டிவிட்டான். ஆனால் கன்று பிழைக்கவில்லை. அவன் அதைப் புதைக்காமல் ஓடைத் தடத்திலேயே போட்டுவிட்டுக் கீழே இறங்கினான். வாழையில் பூச்சிக்குப் போடுகிற குருணை மருந்து அவன் சித்தப்பா தோட்டத்தில் இருந்தது. அதை வாங்கி மடியில் கட்டிக்கொண்டு திரும்பவும் ஏறினான். கன்றின் தொடையிலும் விலாவிலும் அரிவாளால் கீறி, குருணையை உள்ளே திணித்து, தோலை மூடிவிட்டு வந்தான்.

மறுநாள் காலையில் வேல்பாண்டி ஓடைக்கு வந்தபோது நாய்கள் சாகத் தொடங்கியிருந்தன. வழக்கம்போல முக்காலியை நட்டு, கேமராவை ஓடவிட்டான். வாயில் நுரை தள்ளி ஒன்று பக்கவாட்டில் கிடந்து நான்கு காலாலும் காற்றில் ஓடிக்கொண்டிருந்தது. இன்னொன்று தன் வயிற்றைத் தானே கடித்தது. ஒரு வயதுக் குட்டி ஒன்று வேரைக் கவ்விக்கொண்டு விடாமல் இழுத்து, பல் பெயர்ந்து ரத்தம் வழிந்தது. பால் சுரந்த மடியோடு தாய்நாய், குட்டிகள் கிடந்த பாறைப்பொந்தைப் பார்த்து ஊர்ந்தது. பின்னங்கால் வரவில்லை. முன்னங்காலால் தரையைப் பறித்து உடம்பை இழுத்தது. மந்தைக்குக் காவலாகப் போகிற முத்துராஜாவின் சொந்த நாய் கருவாயனும் கன்றுக்குப் பக்கத்தில் கண் விழித்தபடி விறைத்துக் கிடந்தது.

வேல்பாண்டி கேமராவை விட்டுவிட்டு ஓடினான். ஓடையில் தண்ணீர் மொண்டு தாய்நாயின் வாயில் ஊற்றினான். அது அவன் முன்கையைக் கடித்தது. கடித்த பல்லை விடாமலே வெட்டி இழுத்துச் செத்தது. தாடையை இரண்டு கையாலும் விலக்கித்தான் அவன் கையை எடுக்க வேண்டியிருந்தது. அதற்குள் மற்றவையும் அடங்கிவிட்டன. அவன் அழுதுகொண்டே ஒவ்வொன்றாகப் போய்த் தொட்டுப் பார்த்தான். இதையெல்லாம் அவன் கேமரா பதிவு செய்துகொண்டே இருந்தது.

ஓடைக்கு வரும் தடத்தில், மரத்தோடு மரமாக, ஆள் இல்லாமலே படமெடுக்கிற சின்னக் கேமரா ஒன்றைப் போன வாரம்தான் கட்டியிருந்தான். அதைக் கழற்றிப் பார்த்தான். முத்துராஜா மடியை அவிழ்ப்பதும் கன்றைக் கீறுவதும் குருணையை அள்ளித் திணிப்பதும் அதில் தெளிவாக இருந்தன. ஒரு இடத்தில் முத்துராஜா நிமிர்ந்து, தோளில் கிடந்த துண்டால் முகத்தைத் துடைத்தான். அழுதிருந்தான்.

வேல்பாண்டி மலையிலிருந்தே வனத்துறை ரேஞ்சர் அஜய்குமாருக்குப் போன் போட்டான். நாய்கள் விஷத்தில் செத்துக் கிடக்கின்றன, செய்த ஆள் படத்தில் இருக்கிறான் என்றான். யாரென்று ரேஞ்சர் கேட்டார். கொண்டுவந்து தருகிறேன் என்று மட்டும் சொன்னான். கையைத் துண்டால் இறுக்கிக் கட்டிக்கொண்டு வீட்டுக்கு இறங்கினான். அக்காளிடம் சொல்லாமல் அவனால் கொடுக்க முடியாது.

அன்னத்தாய் முற்றத்தில் சோளம் காயப்போட்டுக்கொண்டிருந்தாள். கையில் ரத்தத்தைப் பார்த்துப் பதறி எழுந்தாள். அவன் நடந்ததைச் சொன்னான். படத்தில் இருப்பது யார் என்பதையும் சொன்னான். அவள் சோளத்தின்மேலேயே உட்கார்ந்துவிட்டாள்.

"எத்தன வருசம் போடுவாக?" என்றாள்.

"மூணுக்குக் கொறையாது. ஏழு வரைக்கும் போடலாம்."

"குடுக்கத்தான் போறியா?"

"குடுக்காம இருந்தா நாளைக்கு இன்னொருத்தன் வப்பான்க்கா. பெறகு இந்த மலையில ஒண்ணு இருக்காது. இத்தன வருசம் நான் பிள்ளைகள்ட்ட பேசுனது எல்லாம் என்னத்துக்கு?"

அவள் பதில் சொல்வதற்குள் வெளியே மோட்டார்பைக்குகள் வந்து நின்றன. வேல்பாண்டி ரேஞ்சருக்குப் போன் செய்தது வனத்துறை ஆபீசிலிருந்தே மற்ற தொழுக்காரர்களுக்குப் போய்விட்டது; குருணை வாங்கிப் போனவன் யார் என்பதும் அவர்களுக்குத் தெரிந்திருந்தது. மலைக்கு மாடு ஏற்றுகிறதை நிறுத்த வேண்டும் என்று ஏற்கெனவே கோர்ட்டில் வழக்கு நடந்துகொண்டிருந்தது. இந்தப் படம் போனால் ஒரு மாடுகூட மலையேற முடியாது என்று அவர்களுக்குள் பேச்சு. முன்னால் வந்தவன் சண்முகராஜ். அந்த வட்டாரத்தில் பெரிய மந்தை அவனுடையது. பின்னால் ஏழெட்டுப் பேர். கையில் கம்பு, ஒருவனிடம் கடப்பாரை.

சண்முகராஜ் முதலில் தன்மையாகத்தான் கேட்டான். படம் இருக்கிற கார்டைக் கொடுத்துவிடு, நாங்கள் போய்விடுகிறோம் என்றான். வேல்பாண்டி இல்லை என்றான். அவன் தோளிலிருந்து பையைப் பிடுங்கினார்கள். கேமராவை வெளியே எடுத்து வாசல் திண்டில் ஓங்கி அடித்தார்கள். கண்ணாடிச் சில்லு சோளத்தில் தெறித்தது. வேல்பாண்டி பாய்ந்து பையைப் பற்றினான். விடச் சொன்னார்கள், விடவில்லை. பைமேல் இருந்த அவன் வலது கையைக் கடப்பாரையால் இரண்டு தடவை இடித்தார்கள். விரல் எலும்பு நொறுங்குகிற சத்தம் அன்னத்தாய்க்குக் கேட்டது. அவள் குறுக்கே விழுந்தாள். தலைமுடியைப் பிடித்து அவளைத் தூக்கி எறிந்தார்கள்.

சத்தம் கேட்டு முத்துராஜா தொழுவிலிருந்து ஓடி வந்தான். கையில் அரிவாள். என்ன ஏது என்று கேட்கவில்லை. தன் மனைவி தரையில் கிடப்பதையும், மச்சினன் கையிலிருந்து ரத்தம் கொட்டுவதையும் பார்த்தான். கடப்பாரைக்காரனின் தோளில் ஒரு வெட்டு. அவன் கடப்பாரையைப் போட்டுவிட்டு அலறினான். சண்முகராஜ் விலகி நின்று கத்தினான்.

"ஏலே முத்துராஜா, ஒனக்காகத்தான்டா வந்தோம். அவன் கையில இருக்குறது ஒன் படந்தான்டா."

முத்துராஜா ஒரு நொடி வேல்பாண்டியைத் திரும்பிப் பார்த்தான். வேல்பாண்டி ஆமென்று தலையசைத்தான்.

"இருந்துட்டுப் போகுது," என்றான் முத்துராஜா. "என் வீட்டு வாசல்ல எம் பொண்டாட்டிய எவன்டா தொட்டது?"

அவன் முன்னால் எட்டு வைத்தபோது எங்கிருந்தோ வந்த கல் அவன் இடக்கண்ணில் விழுந்தது. அரிவாளை விடாமலே உட்கார்ந்தான். விரல் இடுக்கில் கண் வழிந்தது. அதைப் பார்த்ததும் வந்தவர்கள் ஓடிவிட்டார்கள்.

தேனி க.விலக்கு பெரியாஸ்பத்திரியில் இரண்டு பேரையும் ஒரே வார்டில் போட்டார்கள். முத்துராஜாவின் கண்ணை எடுத்துவிட்டார்கள். வேல்பாண்டியின் கையில் கம்பி வைத்துக் கட்டினார்கள். இரண்டு விரல் இனி மடங்காது என்றார் டாக்டர். இரண்டு கேமரா கார்டுகளும் அவன் சட்டைப்பைக்குள்தான் இருந்திருக்கின்றன. ரேஞ்சர் வந்து கட்டிலோரம் நின்றபோது அவன் உடனே கொடுக்கவில்லை. பக்கத்துக் கட்டிலைப் பார்த்தான். முத்துராஜா சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருந்தான்.

"குடுத்துரு மாப்ள," என்றான் திரும்பாமலே. "கருவாயன் எப்புடிக் கெடந்தான்? கண்ணு தெறந்தா இருந்துச்சு?"

"ஆமா மச்சான்."

"குடுத்துரு."

வேல்பாண்டி இடது கையால் கார்டுகளை எடுத்துக் கொடுத்தான். சாகிற நாய்களைப் பெரிய கேமராவில் எடுத்தது, செவலையை எடுத்தது, எல்லாவற்றையும் கொடுத்தான். பாறைப்பொந்தில் குட்டிகள் இருக்கின்றன என்று சொல்லி ரேஞ்சரை அவசரப்படுத்தினான். அன்றைக்கே ஆட்கள் போனார்கள். பொந்து ஆழம். உள்ளே முனகல் கேட்டது, கை எட்டவில்லை. கம்பியும் கயிறும் கொண்டு திரும்பிப் போவதற்குள் சத்தம் நின்றுவிட்டது.

ரேஞ்சர் படத்தைப் போட்டுச் சரிபார்த்தபோது அன்னத்தாய் பின்னால் நின்று பார்த்திருக்கிறாள். தம்பி ஓடுவதையும், நாய்க்குத் தண்ணீர் ஊற்றுவதையும், அழுவதையும் பார்த்தாள். ஆஸ்பத்திரி வராந்தாவில் அவனை நிறுத்தினாள்.

"அதுக்கு ஓடுனல்ல?" என்றாள்.

அவன் கட்டுப்போட்ட கையை மார்போடு சேர்த்துக்கொண்டான்.

"நீ படத்தக் குடுத்தது தப்புன்னு நான் சொல்லல. ஒம் மச்சான் செஞ்சதும் தப்புத்தான். ஆனா நீ இனிமே என் வீட்டுக்கு வராத. ஒம் மூஞ்சியப் பாத்தா எனக்குச் செவலை கத்துறது கேக்குது."

அவன் காமயகவுண்டன்பட்டியைவிட்டுக் கம்பத்துக்குப் போய் ஒரு அறை எடுத்துத் தங்கினான். இடது கையால் கேமராவைப் பிடிக்கப் பழகினான். தப்பிப் பிழைத்த இரண்டு செந்நாய்களை ஐப்பசி மழையில் ஒரு தடவை பார்த்ததாகச் சொல்லுவான். படத்தை முடித்துத் தொலைக்காட்சிக்கு அனுப்பியபோது, அவன் தாய்நாய்க்குத் தண்ணீர் ஊற்றுகிற இடத்தை வெட்டிவிடச் சொன்னார்கள். அவன் வெட்ட மாட்டேன் என்றான். செவலை சாகும்போது கேமராவுக்குப் பின்னால் நான் இருந்தேன் என்று தன் குரலிலேயே பேசிச் சேர்த்தான். அதே படத்தைக் கூடலூர்ப் பள்ளிக்கூடத்தில் போட்டபோது, பழைய சட்டத்தை அவன் பிள்ளைகளிடம் சொல்லவில்லை.

வழக்கு உத்தமபாளையம் கோர்ட்டில் நடந்தது. சண்முகராஜ் மீதும் தனி வழக்கு போட்டார்கள். முத்துராஜா ஜாமீனில் வெளியே வந்து, மாடுகளை மலைக்கு ஏற்றாமல் அறுத்த வயல்களிலும் கரட்டிலும் மேய்த்துக்கொண்டிருந்தான். மந்தையில் பாதியை விற்றாயிற்று. வேல்பாண்டி சாட்சிக் கூண்டில் ஏறிய அன்று அன்னத்தாய் பின்வரிசையில் உட்கார்ந்திருந்தாள்.

முத்துராஜா தரப்பு வக்கீல் இரண்டு படங்களையும் அடுத்தடுத்துப் போடச் சொன்னார். பிறகு வேல்பாண்டியிடம் கேட்டார். மாட்டுக்கு நீங்கள் எழுந்திருக்கவில்லை, நாய்க்கு ஓடினீர்கள். இதில் எது சரி?

அவன் மடங்காத விரல்களைக் கம்பியில் வைத்துக்கொண்டு நின்றான்.

"தெரியலங்கய்யா," என்றான். "மாட்டுக்கு ஓடாதது தப்பா, நாய்க்கு ஓடுனது தப்பான்னு இன்னைக்கு வரைக்கும் எனக்குத் தெரியல. ஆனா வெசம் வச்சது எங்க மச்சான்தான். அந்தக் கேமராவக் கட்டுனது நான்தான். அதுல சந்தேகமில்ல."

முத்துராஜாவிடம் கேட்டபோது அவனும் மறுக்கவில்லை. செய்தேன் என்றான். மூன்று வருடம் தீர்ப்பானது. அப்பீல் போடலாம் என்று வக்கீல் சொன்னதற்கு, பிறகு பார்ப்போம் என்றான்.

வேனில் ஏற்றுவதற்கு முன்னால் போலீஸ்காரர் கொஞ்சம் பேசவிட்டார். முத்துராஜா அன்னத்தாயிடம், கறவை வற்றின மாடுகளை விற்றுவிடச் சொன்னான். ஈன்ற மாட்டுக்குப் பருத்திக்கொட்டை அரைத்து வைக்கச் சொன்னான். பிறகு தள்ளி நின்ற வேல்பாண்டியைக் கூப்பிட்டான். ஒற்றைக் கண்ணால் அவனைப் பார்ப்பதற்கு முகத்தை முழுக்கத் திருப்ப வேண்டியிருந்தது.

"வீட்டுக்குப் போ மாப்ள. அவ கூப்பிட மாட்டா. நீயாப் போ. ஒத்தப் பொம்பள அத்தன மாட்ட வச்சுக்கிட்டு என்ன செய்வா?"

"சரி மச்சான்," என்றான் வேல்பாண்டி. சொல்லிவிட்டானே தவிர, அவனுக்குத் தைரியம் இல்லை.

வேன் போன பிறகு இரண்டு பேரும் பஸ் ஸ்டாண்டுக்கு நடந்தார்கள். அக்காள் முன்னால், தம்பி பின்னால். கம்பம் வழியாகப் போகிற டவுன் பஸ் நின்றிருந்தது. அன்னத்தாய் ஏறி முன்பக்கம் ஜன்னலோரம் உட்கார்ந்தாள். வேல்பாண்டி பின்படி வழியாக ஏறிக் கம்பியைப் பிடித்து நின்றான். பஸ் கிளம்பியது. சாலையின் இரண்டு பக்கமும் நெல் அறுத்துக்கொண்டிருந்தார்கள். வைக்கோல் தூசி உள்ளே அடித்தது. கண்டக்டர் முன்னாலிருந்து டிக்கெட் கிழித்துக்கொண்டே வந்து அவனைத் தாண்டிப் போனார்.

வேல்பாண்டி அவரைக் கூப்பிட்டு, கம்பம் ஒன்று என்று காசை நீட்டினான்.

"ஒங்களுக்கு எடுத்தாச்சுண்ணே," என்றார் கண்டக்டர். "முன்னால இருக்குற அக்கா எடுத்தாக. காமயகவுண்டன்பட்டிக்கு."